காலதேவனுக்கு ஒரு வேலை கொடுங்கள்

தமிழில் மாயாஜாலக் கதைகளும் மிகுபுனைவு நாவல்களும் எழுதிக்கொண்டிருக்கும் இளம் எழுத்தாளர்களுக்கு,



இந்த மடல் ஒரே ஒரு பாத்திரத்தைப் பற்றியது. புதிதாக ஓர் உலகத்தைக் கட்டி எழுப்பும் கதைகளில் எப்படியாவது ஒரு காலதேவன் வந்து சேர்ந்துவிடுகிறான். வெண்தாடி, கையில் மணற்கடிகாரம், இடி முழங்கும் குரல். அவன் கையை அசைத்தால் போர்க்களம் உறைந்து நிற்கும். இன்னொரு முறை அசைத்தால் செத்துப்போன நாயகி கண் விழிப்பாள். முடிச்சு அவிழாத கடைசி அத்தியாயத்தில் அவனைக் கூப்பிடுவது வசதியாகத்தான் இருக்கிறது. ஆனால் எதை வேண்டுமானாலும் திருப்பிவிடலாம் என்று தெரிந்தபின் வாசகருக்கு எதற்குப் பதற்றம்? புத்தகத்தை மூடிவிட்டுத் தூங்கப் போய்விடுவார்.

இந்தச் சிக்கலை அசலாகக் கையாண்டவர் ஆங்கில எழுத்தாளர் டெர்ரி பிராட்செட். 1948இல் பிறந்து 2015இல் மறைந்தவர். அவருடைய ‘டிஸ்க்வேர்ல்ட்’ வரிசையில் 41 நாவல்கள். முதலாவது 1983இல் வந்தது, கடைசி அவர் இறந்த ஆண்டிலேயே வெளியானது. வட்டத் தட்டு போன்ற தட்டை உலகம், அதைத் தாங்கும் நான்கு யானைகள், அவற்றைச் சுமந்துகொண்டு விண்வெளியில் நீந்தும் ஒரு மாபெரும் ஆமை. திசை யானைகளையும் ஆதிகூர்மத்தையும் கேட்டு வளர்ந்தவர்களுக்கு இந்த ஏற்பாடு ஒன்றும் அந்நியமாகத் தெரியாது. அந்த வரிசையின் 26ஆவது நாவல், 2001இல் வந்த ‘தீஃப் ஆஃப் டைம்’. காலமே ஒரு பாத்திரமாக வரும் கதை.

அந்த உலகத்தின் நாட்காட்டியையே பிராட்செட் முதலில் மாற்றிவைத்துவிட்டார் என்பதைக் கவனிக்க வேண்டும். அங்கே ஒரு முழு ஆண்டுக்கு 800 நாள், எட்டுப் பருவங்கள். வாரத்துக்கு எட்டு நாள். குடியானவர்கள் அதில் பாதியை, 400 நாளை, ஓர் ஆண்டாகக் கணக்கு வைத்துக்கொள்கிறார்கள். மந்திர சக்தி அடர்ந்த அந்த நிலத்தில் வெளிச்சமே மெதுவாகத்தான் நகரும். விடியற்காலை சமவெளிகள்மீது நிதானமாக வழிந்து பரவும். தமிழில் எழுதப்படும் பல கற்பனை நாடுகளில் டிராகன் பறக்கிறது, அரண்மனை மிதக்கிறது, ஆனால் ராணி மட்டும் சரியாக ஆறரை மணிக்கு எழுந்து, ஞாயிற்றுக்கிழமை ஓய்வெடுக்கிறாள். நாழிகையும் சாமமும் கையிலேயே இருக்கும் மொழியில் இப்படி எழுதுவது கொஞ்சம் சோம்பேறித்தனம்தான்.

‘தீஃப் ஆஃப் டைம்’ நாவலில் காலம் ஒரு பெண். அவள் வென் என்ற ஞானியைக் காதலிக்கிறாள். பிரபஞ்சம் ஒவ்வொரு கணமும் புதிதாகப் படைக்கப்படுகிறது, ஆகவே எதைப் பார்த்தாலும் ஆச்சரியப்படுவதுதான் நியாயம் என்று கண்டுகொண்டவன் அவன். அந்தத் தம்பதிக்குப் பிள்ளை பிறக்கப் போகிறது. வழக்கமான காலதேவியாக இருந்தால் ஒளி வெள்ளத்தில் குழந்தை தோன்றியிருக்கும், பூமாரி பொழிந்திருக்கும். இங்கே அவள் சாதாரணமாகப் பிரசவ வலியில் துடிக்கிறாள். கணவன் பதறிப்போய் மருத்துவச்சியைத் தேடி ஓடுகிறான். காலத்தின் கணவனாயிற்றே, எந்த நூற்றாண்டின் கதவையும் தட்டலாம். வரலாறு முழுவதிலும் கைராசிக்காரி யார் என்று பார்த்து, லேங்கர் என்ற மலைநாட்டில் இருக்கும் நானி ஆக் என்ற கிழவியின் வீட்டுக் கதவைத் தட்டுகிறான். அவளோ குடிக்கும் புகைக்குழாய்க்கும் பச்சையான பேச்சுக்கும் பேர்போனவள்.

காலத்துக்கே மருத்துவச்சி தேவைப்படுகிறது. பிராட்செட் அந்தத் தெய்வத்தின் சக்தியில் ஒன்றையும் குறைக்கவில்லை. ஆனாலும் வாசகர் அவளுக்காகக் கவலைப்படத் தொடங்கிவிடுகிறார்.

பிரசவத்தில் ஒரு குளறுபடி. தாய் காலமே என்பதால், ஒரே பிள்ளை அடுத்தடுத்த இரண்டு கணங்களில் இரண்டு முறை பிறந்துவிடுகிறது. ஒருவன் ஜெரமி, கடிகாரத் தொழிலாளர் சங்கத்தில் வளர்கிறான். இன்னொருவன் லாப்சாங், திருடர் சங்கத்தில் வளர்கிறான். ஜெரமிக்கு நேரம் ஒரு நொடி பிசகினாலும் தாங்காது. யாரோ தன் கடிகாரத்தை வேண்டுமென்றே வேகமாக ஓட விட்டிருந்ததை அவன் சகித்துக்கொள்ள முடியாமல் நடந்த ஒரு பழைய விவகாரமும் உண்டு. மருந்து சாப்பிட்டுக்கொண்டு கடையில் தனியாக வாழ்கிறான். அவனிடம் ஒரு சீமாட்டி வருகிறாள். பிரபஞ்சத்தின் துடிப்பையே அளக்கும் கண்ணாடிக் கடிகாரம் ஒன்று செய்து தர முடியுமா, பணம் எவ்வளவு வேண்டுமானாலும் தருகிறேன் என்கிறாள்.

அவளை அனுப்பியவர்கள் ஆடிட்டர்கள். உருவமில்லாத, சாம்பல்நிற அங்கிகளாகத் தெரியும் கணக்கர்கள். பிரபஞ்சம் ஒழுங்காக இருக்க வேண்டும், அணுக்கள் சொன்னபடி சுழல வேண்டும், கணக்குப் புத்தகம் நேராக வேண்டும். உயிர் என்ற ஒன்று மட்டும் எல்லாவற்றையும் கலைத்துப் போட்டுக்கொண்டே இருக்கிறது. துல்லியமான கடிகாரம் ஒன்று ஓடத் தொடங்கினால் காலம் அதற்குள் சிக்கிக்கொள்ளும், உலகம் நின்றுபோகும், கணக்கும் முடிந்துவிடும். மார்ச் மாதக் கடைசியில் ஆடிட்டரிடம் போய் வந்தவர்களுக்கு இந்த வில்லன்களைப் பற்றி அதிகம் விளக்க வேண்டியதில்லை.

இதில்தான் கதையின் நெஞ்சு இருக்கிறது. அம்மாவைப் பிடிக்கும் பொறியை மகனே செய்துகொண்டிருக்கிறான். அவள் தன் அம்மா என்று அவனுக்குத் தெரியாது. சக்தி வாய்ந்த காலதேவன் ஒருவனை எதிரியின் சேனை வந்து தாக்குவதாக எழுதியிருந்தால் நூறு பக்கம் சண்டை நடந்திருக்கும். பிராட்செட்டுக்குத் தேவைப்பட்டது ஒரு மேசை, ஒரு விளக்கு, கண்ணாடிப் பல்சக்கரங்களை ஒவ்வொன்றாகப் பொருத்தும் ஒரு தனிமையான இளைஞன், அவ்வளவுதான்.

அந்த உலகில் காலத்தை நடைமுறையில் பராமரிப்பவர்கள் வரலாற்றுத் துறவிகள். உயர்ந்த மலைகளுக்கு நடுவே, செர்ரி மரங்கள் எப்போதும் பூத்தபடியே இருக்கும் ஒரு பள்ளத்தாக்கில் அவர்களுடைய மடம் இருக்கிறது. மடத்தின் அடியில் நீண்ட கூடம். அதில் வரிசை வரிசையாக உருளைகள் சுழன்றுகொண்டிருக்கின்றன. சின்ன உருளைகள் கிறுகிறுவென்று சுற்றும். கூடத்தின் கோடியில் நிற்கும் பிரம்மாண்டமானவை நகர்கிறதா இல்லையா என்று தெரியாத வேகத்தில் திரும்பும். ‘புரோக்ராஸ்டினேட்டர்’ என்று பெயர். காலத்தைச் சுற்றிச் சேமித்து வைக்கவும், வேண்டிய இடத்துக்கு அவிழ்த்து விடவும் பயன்படும் கருவிகள். கண்மாய்ப் பாசனத்தில் மடை திறந்து, முறை வைத்து வயலுக்குத் தண்ணீர் பாய்ச்சும் நீர்க்கட்டியின் வேலைதான் இந்தத் துறவிகளுக்கும். கடலுக்கடியில் நீந்தும் மீனுக்கு அவ்வளவு நேரம் எதற்கு? அங்கிருந்து கொஞ்சம் இறைத்து, எப்போது பார்த்தாலும் நேரமில்லை என்று புலம்பும் நகரத்துக்கு அனுப்புகிறார்கள்.

ஒருநாள் அந்தக் கூடத்தில் சுமை கட்டுக்கடங்காமல் போகிறது. எங்கோ தொலைவில் கடிகாரத்தின் முதல் சோதனை நடக்கிறது. இங்கே உருளைகள் அலறுகின்றன, அச்சுகள் புகைகின்றன, துறவிகள் திசைக்கொருவராக ஓடுகிறார்கள். திருடர் சங்கத்திலிருந்து மடத்துக்குப் பயிற்சிக்கு வந்திருந்த லாப்சாங் நடுவில் நின்றுகொண்டு, எந்த உருளையை எதனோடு இணைக்க வேண்டும் என்று கத்திக் கத்திச் சொல்லி வெள்ளத்தைச் சமாளிக்கிறான். அவன் யார் பிள்ளை என்ற ரகசியம் வாசகருக்கு இப்படித்தான் முதலில் கசிகிறது. நெற்றியில் மச்சமும் இல்லை, அசரீரியும் ஒலிக்கவில்லை. வேலை தெரிந்த கையாக இருக்கிறான் என்பது ஒன்றுதான் தடயம்.

எழுதுகிறவர்கள் இந்தக் காட்சியைப் பத்து முறையாவது படிக்க வேண்டும். காலத்தை வளைக்கும் ஆற்றலுக்கு இங்கே எடை உண்டு, சத்தம் உண்டு, எண்ணெய் நாற்றம் உண்டு. ஓரிடத்தில் கொடுத்தால் இன்னோரிடத்தில் எடுத்தாக வேண்டும். கணக்குப் பிசகினால் ஆள் செத்துப்போவான். இப்படி ஒரு விதியை நாவலின் முதல் பாதியில் வைத்துவிட்டால், கடைசி அத்தியாயத்தில் யாரும் சும்மா கையை அசைத்து எதையும் திருப்ப முடியாது. எழுத்தாளரே நினைத்தாலும் முடியாது.

லாப்சாங்கின் குரு லூ-ட்ஸே. 800 வயது. அந்த மடத்தின் தலைவரும் அல்ல, பட்டம் பெற்ற துறவியும் அல்ல. அங்கே கூட்டிப் பெருக்குகிறவர். துடைப்பத்தோடு வரும் கிழவனை யாரும் ஏறெடுத்துப் பார்ப்பதில்லை. அதனால் எந்தக் கதவும் அவருக்குத் திறந்தே இருக்கிறது. சட்டியில் போன்சாய் மலைகள் வளர்ப்பது அவருடைய பொழுதுபோக்கு. மரங்கள் அல்ல, மலைகள்.

அவருக்கு ஞானம் கிடைத்த இடம்தான் வேடிக்கை. ஊரார் எல்லாரும் மெய்ப்பொருள் தேடி மலையுச்சி மடங்களுக்குப் போகிறார்கள் அல்லவா? லூ-ட்ஸே மலையிலிருந்து இறங்கி, புகையும் சேறுமான ஆங்க்-மார்போர்க் நகரத்துக்குப் போய், மாத வாடகைக்கு அறை விடும் காஸ்மோபிலைட் என்ற அம்மாளிடம் ஞானம் பெறுகிறார். அந்த அம்மாள் அன்றாடம் உதிர்க்கும் வீட்டுப் பேச்சுகளை ஒரு நோட்டில் குறித்துவைத்து வேதமாக ஓதுகிறார். மேற்கத்தியக் கதைகளில் ஞானத்தை விற்கும் கடை எப்போதும் இமயமலைப் பக்கம்தான் இருக்கும். அந்தப் பழக்கத்தைப் பிராட்செட் தலைகீழாகக் கவிழ்த்திருக்கிறார். முழுதாக வென்றார் என்று சொல்ல முடியாது. மஞ்சள் அங்கி, மொட்டைத் தலை, குங்ஃபூ என்ற பழைய தட்டுமுட்டுச் சாமான்கள் அவருடைய மடத்திலும் கிடக்கத்தான் செய்கின்றன. சில நகைச்சுவைகள் இன்றைக்குப் படிக்கும்போது உப்புச் சப்பில்லாமல் இருக்கின்றன. இருந்தாலும், நம்மவர்கள் எழுதும் கதைகளிலேயே நாயகன் மந்திரம் கற்க இமயத்துக்குக் கிளம்பும்போது, இந்த ஆங்கிலேயர் தன் துறவியை வாடகை வீட்டுக்கு அனுப்பியதை நினைத்துக்கொள்வது நல்லது.

நாவலின் இன்னொரு கெட்டிக்காரத்தனத்தைச் சொல்லியாக வேண்டும். இருபத்தைந்து நாவல் எழுதிய பிறகு எந்த எழுத்தாளரின் உலகத்திலும் ஓட்டை விழும். ஒரு கதையில் இருந்த கட்டடம் அடுத்ததில் இருக்காது. ஒரு மூலையில் புராதன காலம், அடுத்த தெருவில் அச்சு இயந்திரம். வாசகர்கள் பட்டியல் போட்டுக் கேட்பார்கள். பிராட்செட் மன்னிப்புக் கேட்கவில்லை. ஊபர்வால்ட் நாட்டில் முன்பொரு முறை இதே போன்ற கண்ணாடிக் கடிகாரம் ஓடி வரலாறே நொறுங்கிப்போனதாகவும், துறவிகள் கிடைத்த துண்டுகளை ஒட்டுப்போட்டு ஒப்பேற்றியதாகவும் எழுதிவிட்டார். அதைத் தடுக்கப் போன லூ-ட்ஸே கொஞ்சம் தாமதமாகப் போய்ச் சேர்ந்தார். எட்டு நூறாண்டு வாழ்ந்த கிழவரை உறுத்தும் ஒரே தோல்வி அது. தன் நாவல்களின் முரண்களுக்குச் சால்ஜாப்பாக வந்த ஒன்று, பாத்திரத்தின் காயமாக மாறிவிட்டது. பாகம் பாகமாக எழுதத் திட்டமிடுகிறவர்கள் இதைக் குறித்துக்கொள்ளலாம்.

கடைசியில் மின்னல் விழுந்து கடிகாரம் ஓடத் தொடங்க, உலகம் நின்றுபோகிறது. மனித உடம்பு எடுத்துக்கொண்டு நகரத்தில் திரியும் ஆடிட்டர்கள் சாக்லேட்டின் சுவை தாங்காமல் அழிகிறார்கள். இந்தப் பகுதி தேவைக்கு மேல் நீள்கிறது என்பது இந்த மடலின் அபிப்பிராயம். பிரிந்து கிடந்த ஜெரமியும் லாப்சாங்கும் ஒருவனாகிறார்கள். அம்மா ஓய்வு பெற்றுக் கணவனோடு போக, மகன் காலத்தின் பொறுப்பை ஏற்கிறான். முடிசூட்டு விழா என்று பார்த்தால் அது அப்பா-அம்மா கடையைப் பிள்ளையிடம் ஒப்படைப்பது போலத்தான் நடக்கிறது.

பிராட்செட் மட்டும்தானா? இல்லை. டோல்கீன் முதல் உலகப் போர்க் காலத்தில் எழுதத் தொடங்கி, அவர் மறைவுக்குப் பிறகு 1983இல் மகன் கிறிஸ்டோபர் பதிப்பித்த ‘தி புக் ஆஃப் லாஸ்ட் டேல்ஸ்’ முதல் பாகத்தில், தனுயின், ரனுயின், ஃபனுயின் என்று மூன்று கிழவர்கள் வருகிறார்கள். நாள், மாதம், ஆண்டு. சூரியனும் சந்திரனும் இஷ்டத்துக்கு அலைந்துகொண்டிருக்க, தெய்வங்களுக்குத் தலைவலி. கிழவர்கள் வந்து ஆளுக்கொரு கயிறு திரிக்கிறார்கள். கண்ணுக்குத் தெரியாத கயிறு. கட்டி முடித்த பிறகுதான் தெய்வங்களுக்கு உறைக்கிறது: சூரிய சந்திரரோடு உலகமும் தாங்களும் சேர்ந்தே காலத்தில் கட்டுண்டுவிட்டோம் என்று. 1977இல் வந்த ‘சில்மரில்லியன்’ நூலில் இந்தக் கிழவர்கள் இல்லை. டோல்கீன் கழற்றிவிட்டதிலேயே இவ்வளவு சரக்கு இருக்கிறது.

ஜெர்மன் எழுத்தாளர் மிஷாயெல் எண்டே 1973இல் எழுதிய ‘மோமோ’ நாவலில் ஹோரா என்ற கிழவர் மனிதர்களுக்கு நேரத்தைப் பங்கிட்டுத் தருகிறார். கொடுத்ததை அவர்கள் எப்படிச் செலவழிக்கிறார்கள் என்பதில் தலையிட அவரால் முடியாது. அவர் தூங்கவும் கூடாது; தூங்கினால் காலம் நின்றுவிடும். சாம்பல்நிற நேரத் திருடர்களை ஒழிக்க வேறு வழியில்லாமல் அவர் தூங்க முடிவெடுக்கும்போது, மோமோ என்ற சிறுமியின் கையில் ஒரே ஒரு மணி நேரம் மட்டும் ஒரு பூவாக இருக்கிறது. அந்த ஒரு மணி நேரத்துக்குள் அவள் வேலையை முடிக்க வேண்டும்.

வீட்டில் பிள்ளைகள் இருந்தால் டியால்காவைப் பற்றிக் கேட்டுப் பாருங்கள். 2006இல் வந்த போக்கிமான் டைமண்ட் விளையாட்டின் காலத் தெய்வம் அது. அதன் இதயம் துடிக்கும்வரைதான் காலம் ஓடும். 5.4 மீட்டர் உயரம், 683 கிலோ எடை. அதையும் ஒருவன் சிவப்புச் சங்கிலியால் கட்டிவைத்து, தனக்குப் பிடித்த புது உலகத்தைப் படைக்கச் சொல்லி மிரட்டுகிறான். பத்து வயதுப் பிள்ளைக்கும் புரிகிறது: கட்டிப்போட முடிகிற தெய்வம்தான் கதைக்கு உதவும்.

இதற்கெல்லாம் வெளிநாட்டு உதாரணமா என்று கேட்பவர்கள் மயிலாடுதுறைப் பக்கம் திருக்கடையூருக்குப் போய் வரலாம். அறுபதாம் கல்யாணத்துக்கும் எண்பதாம் கல்யாணத்துக்கும் கூட்டம் நெரியும் கோயில். அந்தத் தலத்தின் கதையில் காலன் தன் கடமையைச் செய்யத்தான் வருகிறான். பதினாறு வயது மார்க்கண்டேயன் லிங்கத்தைக் கட்டிக்கொள்ள, வீசிய பாசக்கயிறு லிங்கத்தின் மீதும் விழுந்துவிடுகிறது. சிவன் எட்டி உதைக்கிறார். பக்தி வென்றது என்று அங்கேயே முடித்திருக்கலாம். கதை முடியவில்லை. காலன் இல்லாததால் யாரும் சாகவில்லை. பூமாதேவி பாரம் தாங்காமல் முறையிடுகிறாள். சிவன் காலனை மறுபடி எழுப்ப வேண்டியிருக்கிறது.

1991இல் பிராட்செட் எழுதிய ‘ரீப்பர் மேன்’ நாவலும் இதே கேள்வியைத்தான் எடுத்துக்கொள்கிறது. ஆடிட்டர்கள் மரணதேவனை வேலையைவிட்டு நீக்கிவிடுகிறார்கள். உலகத்தார் அனைவரின் ஆயுளையும் மணற்கடிகாரங்களில் அடுக்கி வைத்திருந்தவனுக்கு, முதல்முறையாகத் தனக்கென்று ஒரு மணற்கடிகாரம் கிடைக்கிறது. அவன் ஒரு முதிய பெண்மணியின் பண்ணையில் கூலியாளாகச் சேர்ந்து, அரிவாளால் புல்லை ஒவ்வொரு தாளாக அறுக்கிறான். வெளியே சாக வேண்டியவர்கள் சாக முடியாமல் திண்டாடுகிறார்கள். 130 வயது மந்திரவாதி ஒருவர் செத்தும் போக்கிடமில்லாமல் தன் உடம்புக்கே திரும்பி வருகிறார். பிராட்செட்டுக்குத் திருக்கடையூர் தெரிந்திருக்க வேண்டியதில்லை. காலனை வேலையிலிருந்து எடுத்தால் என்ன ஆகும் என்று ஒழுங்காக யோசித்தால், எந்த ஊர்க்காரரும் ஏறக்குறைய இதே இடத்துக்குத்தான் வந்து சேர்வார்.

ஆகவே, எழுத்தாளர்களே, கையெழுத்துப் பிரதியை எடுத்து உங்கள் காலதேவன் வரும் பக்கங்களை மறுபடி படியுங்கள். அவனுக்குத் தினசரி வேலை என்ன, அதைச் செய்யாமல் விட்டால் யார் வீட்டில் என்ன நடக்கும், அவனால் முடியாதது எது, அவன் யாருக்காகத் தவிக்கிறான் என்று பாருங்கள். விடை இல்லையென்றால் அவனைத் தூக்கிவிடுங்கள். கதைக்கு ஒரு குறையும் வராது. விடை இருந்தால், அவனைக் கடைசி அத்தியாயத்திலிருந்து முதல் அத்தியாயத்துக்குக் கொண்டுவாருங்கள்.

பிராட்செட்டைப் படிக்க நினைப்பவர்கள் முதல் நாவலிலிருந்து வரிசையாகத் தொடங்க வேண்டாம். ‘ரீப்பர் மேன்’, அடுத்து லூ-ட்ஸே முதலில் தலைகாட்டும் 1992ஆம் ஆண்டின் ‘ஸ்மால் காட்ஸ்’, பிறகு ‘தீஃப் ஆஃப் டைம்’ என்று போங்கள். அது முடிந்த கையோடு 2002இல் வந்த ‘நைட் வாட்ச்’ நாவலை எடுங்கள். அதில் ஒரு காவல்துறைத் தலைவர் தன் இளமைக் காலத்துக்குத் தூக்கி எறியப்படுகிறார், துடைப்பத்தோடு அதே கிழவர் அங்கேயும் வந்து நிற்கிறார்.

அன்புடன்,
உங்கள் கதைகளுக்குக் காத்திருக்கும் ஒரு வாசகர்